பிழை விடும்போது பிடிபடும் மனம்

இரண்டு பேர் ஒரே ஓட்டோவில் திருகோணமலை நகருக்கு வருகிறார்கள். ஒருவருக்குக் கொழும்பு இரவு ரயில், மற்றவருக்குக் கொழும்பு பஸ். இரண்டும் ஒரே நேரத்துக்குப் புறப்படுகின்றன. நிலாவெளி வீதியில் வாகன நெரிசலில் அகப்பட்டு, இருவருமே அரை மணி நேரம் பிந்திவிடுகிறார்கள். ரயில் சரியான நேரத்துக்கே போய்விட்டது. பஸ் மட்டும் தாமதமாகி, ஐந்து நிமிடத்துக்கு முன்புதான் கிளம்பியது. யாருக்கு அதிகம் வயிறு எரியும்?

பஸ்காரருக்குத்தான் என்று உடனே சொல்லியிருப்பீர்கள். டானியல் கானமனும் ஏமோஸ் ட்வெர்ஸ்கியும் 1982இல் வெளியிட்ட கேள்வியை நம் ஊருக்கு மாற்றியிருக்கிறேன். அவர்களுடைய கதையில் இருவருக்கும் விமானங்கள். கேட்கப்பட்டவர்களில் 96 சதவீதம் பேர், ஐந்து நிமிடத்தில் தவறவிட்டவரே அதிகம் நொந்துபோவார் என்றார்கள்.

அல்வின் கோல்ட்மன் என்ற தத்துவவாதி 1989இல் இதை எடுத்துக்கொண்டு ஒரு கேள்வி கேட்டார். இந்த விடை உங்களுக்கு எப்படித் தெரிந்தது? “நூலிழையில் தவறியவன் அதிகம் வருந்துவான்” என்று ஒரு விதியை யாரும் உங்களுக்குக் கற்றுத்தரவில்லை. நீங்கள் பஸ்காரராகி அந்த நிலையத்தில் நின்று பார்த்தீர்கள். உங்களுக்குள் ஓர் எரிச்சல் எழுந்தது. அதை எடுத்து அவர்மேல் ஏற்றிச் சொன்னீர்கள். பாவனைக் கொள்கை என்று நான் இங்கே அழைக்கப் போவது, ஏறத்தாழ இவ்வளவுதான். அடுத்தவர் மனத்தை நாம் சட்டதிட்டங்கள் வைத்துக் கணக்குப் போட்டு அறிவதில்லை. நம் மனத்தையே அவர் நிலையில் ஓட்டிப் பார்த்து அறிகிறோம். (உலகமே ஒரு கணினிக்குள் ஓடும் பாவனை என்று சொல்லும் கொள்கை வேறு. என் மருமகன் சந்தித்த நேரமெல்லாம் அதைப் பற்றித்தான் கேட்கிறான். அவனுக்கு வேறொரு நாளில் பதில் எழுதுகிறேன்.)

ஓய்வுபெற்ற தமிழ் ஆசிரியைக்கு இதில் என்ன வேலை என்று கேட்கலாம். பள்ளிக்கூட நாடகங்களைப் பழக்கியவள் என்பதால், தாதிய மாணவர்களின் பயிற்சிக்கு நோயாளியாக நடிக்க என்னை அழைக்கிறார்கள். நெஞ்சு நோகிறது என்று கட்டிலில் கிடப்பேன், மருந்து வேண்டாம் என்று அடம்பிடிப்பேன், மகன் வெளிநாட்டில் என்று அழுவேன். அந்த வகுப்புகளில் அடிக்கடி காதில் விழும் வாசகம் ஒன்று உண்டு: “நோயாளியின் இடத்தில் உங்களை வைத்துப் பாருங்கள்.” நிறுவப்பட்ட மருத்துவ உண்மையைப் போல அதைச் சொல்கிறார்கள். வெளிநாட்டில் தத்துவம் படிக்கும் என் பழைய மாணவி ஒருத்தி சில ஆய்வுக் கட்டுரைகளை அனுப்பினாள். அகராதியும் கையுமாக இருந்து வாசித்தேன். வாசித்து முடித்தபோது எனக்கு வந்த எண்ணம் இது: பாவனைக் கொள்கைக்கு இருக்கும் மிக வலுவான சான்று, நாம் அடுத்தவரைப் பற்றி விடும் பிழைகள்தான். அப்படியானால், கொள்கை எவ்வளவு உண்மையோ அவ்வளவுக்கு அந்த வகுப்பறை வாசகம் ஆபத்தானது.

கொள்கையின் வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1978இல் பிரேமாக், வூட்ரஃப் என்ற இருவர், சிம்பன்சிக்கு அடுத்தவர் மனத்தைப் பற்றிய “கோட்பாடு” உண்டா என்று கேட்டார்கள். 1983இல் விம்மரும் பெர்னரும் குழந்தைகளுக்கு ஒரு கதை சொன்னார்கள். பையன் ஒருவன் சொக்லேட்டை ஓர் அலுமாரியில் வைத்துவிட்டு வெளியே போகிறான். அவன் இல்லாத நேரத்தில் தாய் அதை வேறு அலுமாரிக்கு மாற்றிவிடுகிறாள். திரும்பி வருபவன் எங்கே தேடுவான்? நான்கு வயதுக்குக் கீழ்ப்பட்ட குழந்தைகள் பெரும்பாலும் சொக்லேட் இப்போது இருக்கும் இடத்தையே காட்டுகிறார்கள். தமக்குத் தெரிந்தது அவனுக்குத் தெரியாது என்பது அவர்களுக்கு எட்டுவதில்லை. குழந்தை வளர வளர மனம் பற்றிய ஒரு கோட்பாட்டைக் கட்டிக்கொள்கிறது என்றார்கள் ஒரு சாரார். 1986இல் ரொபர்ட் கோர்டனும் ஜேன் ஹீலும் தனித்தனியே மறுத்து எழுதினார்கள். அடுத்தவர் மனத்தை அறிய மனத்தைப் பற்றிய விஞ்ஞானம் எதற்கு, கையில் ஒரு மனம் இருக்கிறதே என்பது அவர்களுடைய வாதத்தின் சாரம். தலையிடியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும் என்று சொல்லும் நம் ஊர்க் கிழவிகள் இவர்களுடைய கட்சி.

மூளைப் பக்கத்துச் சான்றுகளைப் பத்திரிகைகள் பெரிதாகக் கொண்டாடின. இத்தாலியின் பார்மா நகர ஆய்வாளர்கள் 1992இல், குரங்கு தானே ஒரு பொருளை எடுக்கும்போதும் மனிதர் எடுப்பதைப் பார்க்கும்போதும் இயங்கும் நரம்புக் கலங்களைப் பற்றி எழுதினார்கள். இவையே பின்னர் கண்ணாடி நரம்பணுக்கள் எனப்பட்டன. 1998இல் கலேசேயும் கோல்ட்மனும் அவற்றைப் பாவனைக் கொள்கைக்குச் சாட்சியாக நிறுத்தினார்கள். எனக்கு அதில் பெரிய ஈடுபாடு இல்லை. ஒரு கை கோப்பையை எடுப்பதை உள்ளுக்குள் எதிரொலிப்பதற்கும், அந்தக் கைக்குரியவர் ஏன் மூன்று நாளாக மருந்து எடுக்கவில்லை என்று அறிவதற்கும் இடையே நெடுந்தூரம் இருக்கிறது.

அதைவிட என்னைக் கவர்ந்தவை தனி நோயாளிகளைப் பற்றிய ஆய்வுகள். மூளையின் அமிக்டலா இரு புறமும் சிதைந்த ஒரு பெண்ணால், பிறர் முகத்தில் அச்சத்தை அடையாளம் காண முடியவில்லை என்று 1994இல் அடொல்ஃப்ஸ் குழுவினர் காட்டினார்கள். அவருக்கே அச்ச உணர்வு மிகக் குறைவு. இன்சுலா என்ற பகுதியும் அதன் அயலும் பாதிக்கப்பட்ட ஒருவருக்கு அருவருப்பு உணர்வும் மங்கிப்போனது, பிறர் முகத்தில் அருவருப்பைக் காணும் திறனும் போனது என்று 2000இல் கால்டர் குழுவினர் எழுதினார்கள். தன்னிடம் ஓர் உணர்வு இல்லையென்றால் பிறரிடமும் அதைக் காண இயலாது என்பது, கொள்கை எதிர்பார்ப்பதுதான். ஆனால் கதை அங்கே முடியவில்லை. 2005இல் அடொல்ஃப்ஸே திரும்பவும் அந்தப் பெண்ணை ஆராய்ந்தார். அவர் முகங்களின் கண்களைப் பார்ப்பதே இல்லை என்று தெரிந்தது. கண்களைப் பாருங்கள் என்று சொன்னதும் அச்சத்தை மற்றவர்களைப் போலவே இனங்கண்டார். அப்படியானால் குறை உணர்வில் அல்ல, பார்க்கும் விதத்தில் இருந்திருக்கலாம். நாடகம் பழக்கிய எனக்கு இது மிகவும் பிடித்தது. எதிரில் நிற்பவரின் கண்ணைப் பார்க்காமல் வசனம் ஒப்புவிக்கும் பிள்ளைகளோடு மாரடித்தவள் நான்.

பிழைகளுக்கு வருகிறேன். 1975இல் எலன் லாங்கர் ஒரு டொலர் லொத்தர் டிக்கெட்டுகளை வைத்து ஓர் ஆய்வு செய்தார். டிக்கெட்டைத் தாமே தெரிந்தெடுத்தவர்கள் அதைத் திருப்பி விற்க எட்டு டொலருக்கு மேல் கேட்டார்கள். கையில் கொடுக்கப்பட்டதை வாங்கிக்கொண்டவர்கள் இரண்டு டொலரளவில் நின்றார்கள். இந்த வேறுபாட்டை, ஆய்வைக் கேள்விப்படாதவர்கள் முன்கூட்டிச் சொல்லத் தவறுகிறார்கள். 1992இல் ஸ்டிச், நிக்கல்ஸ் இருவரும் இதைக் கொள்கைக்கு எதிராக வீசினார்கள்: நம் மனத்தையே அவர் நிலையில் ஓட்டிப் பார்ப்பது உண்மையானால், அதே மனம் அதே விடையைத் தந்திருக்க வேண்டாமா?

கோல்ட்மன் தரப்பின் பதில் கெட்டித்தனமானது. மனத்தை ஓட்டுவது சரிதான், ஆனால் உள்ளே போடும் சரக்கு பிழை. அவர் நிலையை நாம் சரியாக எடுத்துக்கொள்வதில்லை. அதைவிட, நம்முடைய சொந்த நிலையை ஒதுக்கிவைக்கத் தவறுகிறோம், அது உள்ளே கசிந்துவிடுகிறது. இந்தக் கசிவுக்குச் சான்று நிறைய உண்டு. 2003இல் வான் போவனும் லோவன்ஸ்டைனும் உடற்பயிற்சிக் கூடம் ஒன்றுக்கு வந்தவர்களிடம், உணவும் தண்ணீரும் இன்றிக் காட்டில் வழிதவறியவர்களைப் பற்றிக் கேட்டார்கள். அப்போதுதான் பயிற்சியை முடித்துத் தொண்டை வறண்டு நின்றவர்கள், பசியைவிடத் தாகமே அவர்களை வதைத்திருக்கும் என்று கூடுதலாகச் சொன்னார்கள். கேட்கப்பட்டது காட்டில் இருந்தவரின் தாகம். பதிலில் வந்தது சொல்பவரின் தாகம். விதிகளை வைத்துக் கணக்குப் போடுபவர்கள் என்றால் இந்தக் கசிவு ஏன் நிகழ வேண்டும்? அச்சுக்கூடத்துப் பிழையைக் கொண்டு எந்த அச்சகத்தில் அடித்தது என்று கண்டுபிடிப்பதைப் போல, பிழையின் வடிவத்தைக் கொண்டு மனத்தின் வேலைமுறையைக் கண்டுபிடிக்கிறார்கள்.

இதை நான் எங்கள் ஊரிலேயே, கட்டிலில் படுத்தபடி பார்த்தேன். ஒரு பயிற்சியில் எனக்குக் கிடைத்த பாத்திரம், கிண்ணியாவைச் சேர்ந்த, சீனி வருத்தத்துக்கு இன்சுலின் எடுக்கும் நடுத்தர வயது முஸ்லிம் பெண். றமழான் நெருங்குகிறது. அவர் நோன்பு பிடிக்கப்போவதாகச் சொல்கிறார். மாணவர் அவருக்கு ஆலோசனை சொல்ல வேண்டும். இது பாசாங்கான சிக்கல் இல்லை. பகல் முழுவதும் உணவின்றி வழக்கமான அளவு இன்சுலினை ஏற்றினால் குருதியில் சீனி இறங்கி, வியர்த்து நடுங்கி, நினைவு தவறலாம். ஊசியைக் கைவிட்டால் சீனி ஏறும். சர்வதேச நீரிழிவுச் சம்மேளனமும் நீரிழிவு றமழான் கூட்டமைப்பும் 2016இல் இதற்கென்றே வழிகாட்டி வெளியிட்டன. நோன்புக்கு ஆறு முதல் எட்டு வாரங்களுக்கு முன்பே நோயாளியைப் பரிசோதித்து, மருந்தின் அளவையும் நேரத்தையும் மாற்றித் திட்டமிட வேண்டும் என்பது அதன் அறிவுரைகளில் ஒன்று.

பாத்திரத்துக்குத் தயாராக, கிண்ணியாவில் இருக்கும் என் பழைய சக ஆசிரியைக்குத் தொலைபேசி எடுத்தேன். முப்பது நாள் பசியைப் பற்றிச் சொல்லுவார் என்று காத்திருந்தேன். அவர் சிரித்தார்.

“பசி ஒரு பிரச்சினையே இல்லை ரீச்சர். சின்ன வயதில் இருந்து பிடிக்கிற நோன்பு. ஊசி போட்டால் நோன்பு முறிந்துவிடுமோ என்பதுதான் எங்கள் வயதான ஆட்களுக்குப் பயம். ஆஸ்பத்திரி மிஸ்மாரிடம் சொல்லமாட்டார்கள். பேசாமல் ஊசியை நிறுத்திவிடுவார்கள்.”

இன்சுலின் ஊசியால் நோன்பு முறியாது என்பதே பெரும்பாலான உலமாக்களின் கருத்து என்றும் அவரே சொன்னார். இந்தப் பயத்தைப் பாத்திரத்துக்குள் ஒளித்துவைத்தேன். கேட்டால் மட்டுமே வெளியே வரும்.

மாணவர்கள் வந்தார்கள். கந்தசஷ்டி விரதம் இருக்கும் பழக்கமுள்ள பிள்ளை ஒருத்தி மிகுந்த அன்போடு என் கையைப் பிடித்து, “பகலில் கொஞ்சம் பாலாவது குடியுங்கள் அம்மா, அதில் குற்றமில்லை” என்றாள். தண்ணீர்கூட இல்லாத நோன்பு அது. அவள் மனத்தில் ஓடியது அவளுடைய விரதம். சிங்கள மாணவி ஒருத்தி, நல்ல தமிழில், மதியத்துக்கு முன் வயிறு நிறையச் சாப்பிட்டுவிட்டால் பின்னேரம் வரை தாங்கலாம் என்று வழி சொன்னாள். போயா எனும் பௌர்ணமி நாளில் சில் எடுக்கும், அதாவது விரதம் காக்கும், பௌத்தர்கள் நண்பகலுக்குப் பின் உண்பதில்லை. அவள் அந்த நோன்பைத் தந்தாள். இருவரும் என் இடத்தில் தங்களை வைத்துப் பார்த்தவர்கள்தான். கேட்கப்பட்டதை அப்படியே செய்தார்கள். இவர்கள் இருவரையும்விட என்னை யோசிக்க வைத்தவள் ஒரு முஸ்லிம் மாணவி. விடியுமுன் உண்ணும் சஹர் உணவு, நோன்பு திறக்கும் நேரம், பேரீச்சம்பழத்தின் அளவு எல்லாம் துல்லியமாகச் சொன்னாள். ஊசியைப் பற்றிக் கேட்கவே இல்லை. அவள் வீட்டில் அது ஒரு கேள்வியே அல்ல. நெருங்கிய அனுபவம் இருந்ததால், விசாரிக்க ஏதும் மிச்சமிருப்பதாக அவளுக்குத் தோன்றவில்லை. தூரத்தில் இருப்பவர்களுக்குத் தம் அறியாமையாவது சில வேளை உறைக்கும்.

ஊருக்குள் பார்த்ததை வைத்து உலகத்துக்குத் தீர்ப்புச் சொல்லமாட்டேன். ஆனால் 2018இல் ஏயல், ஸ்டெஃபல், எப்லி மூவரும் 25 பரிசோதனைகளைத் தொகுத்து வெளியிட்ட கட்டுரை இதே திசையைக் காட்டுகிறது. முகபாவத்தைப் படிப்பது, பொய்யைக் கண்டுபிடிப்பது, துணைவரின் விருப்பங்களை ஊகிப்பது என்று பல வகையில் சோதித்தார்கள். அடுத்தவர் இடத்தில் நின்று பார்க்கச் சொன்னதால் ஊகங்கள் துல்லியமாகவில்லை. நேரடியாகக் கேட்டு அறிந்தவர்களுக்கே துல்லியம் கூடியது. கேட்டால் தெரியும் என்பதைக் கண்டுபிடிக்க 25 பரிசோதனைகளா என்று சிரிக்கலாம். எனக்கும் சிரிப்பு வந்தது. ஆனால் பாடத்திட்டங்கள் இன்னும் சிரிக்கத் தொடங்கவில்லை.

நல்லெண்ணத்தோடு செய்யும் பாவனைகள் எதிர்விளைவு தருவதும் உண்டு. கண்ணைக் கட்டிக்கொண்டு நடந்து பார்த்தவர்கள், பார்வையற்றவர்களைத் திறன் குறைந்தவர்களாக மதிப்பிட்டார்கள் என்று சில்வர்மன், குவின், வான் போவன் மூவரின் ஆய்வு சொல்கிறது. காரணம் எளிது. கண்ணைக் கட்டியவருக்குக் கிடைப்பது பார்வை இழந்த முதல் அரை மணி நேரத்தின் தடுமாற்றம். இருபது வருடம் வெள்ளைப் பிரம்போடு வாழ்ந்து சந்தைக்குப் போய் வருபவரின் தேர்ச்சி அதில் இல்லை. காதில் குரல்கள் கேட்கும் மனநோயைப் பாவனை செய்யும் கருவிகளைப் பற்றி 2011இல் வந்த ஆய்வுத் திரட்டு இன்னும் சங்கடமானது. கேட்டவர்களுக்கு இரக்கம் கூடியது. அந்த நோயாளிகளிடமிருந்து விலகி இருக்க வேண்டும் என்ற விருப்பமும் கூடியது.

இவ்வளவையும் வைத்துக்கொண்டு, மருத்துவக் கல்வியில் பாவனைப் பயிற்சியே வீண் என்று யாராவது முடிவு கட்டினால் நான் சண்டைக்கு வருவேன். கைத்திறன் பக்கத்தில் சான்று பலமாக இருக்கிறது. 2011இல் குக் குழுவினர் 609 ஆய்வுகளைச் சேர்த்து ஆராய்ந்தபோது, பொம்மைகளிலும் கருவிகளிலும் பழகியவர்களின் அறிவும் திறனும், பயிற்சியே பெறாதவர்களைவிடப் பெரிய அளவில் உயர்ந்திருந்தன. நோயாளிகளுக்குக் கிடைத்த பலன் நடுத்தரம். சிக்காகோவில் பார்சுக் குழுவினர், பெரிய நாளத்தில் குழாய் ஏற்றுவதை இளம் மருத்துவர்களுக்குப் பாவனை முறையில் தேர்ச்சி வரும்வரை பழக்கினார்கள். அவர்கள் வேலை செய்த தீவிர சிகிச்சைப் பிரிவில் குழாய் வழிக் குருதித் தொற்று, ஆயிரம் குழாய்-நாட்களுக்கு (ஒரு நோயாளிக்கு ஒரு நாள் குழாய் இருந்தால் அது ஒரு குழாய்-நாள்) 3.20 என்ற அளவிலிருந்து 0.50 ஆக இறங்கியதை 2009இல் பதிவு செய்தார்கள். இங்கே பொம்மை யாருடைய மனத்தையும் ஊகிக்கச் சொல்லவில்லை. கை பிழைத்தால் அங்கேயே தெரிகிறது, திரும்பச் செய்யலாம்.

என்னைப் போன்ற நடிப்பு நோயாளிகள் இந்த இரண்டுக்கும் நடுவில் நிற்கிறோம். இந்த வழக்கத்தை 1963இல் தென் கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் ஹவார்ட் பரோஸ் என்ற நரம்பியல் மருத்துவர் தொடங்கினார். 1975இல் டண்டீயில் ஹார்டன் குழுவினர், மாணவர்கள் மேசைக்கு மேசை நகர்ந்து சோதிக்கப்படும் பரீட்சை முறையை அறிமுகப்படுத்தினார்கள். அதற்குப் பின் எங்களுக்கு உலகம் முழுவதும் தேவை பெருகியது. கண்ணைக் கட்டிக்கொள்வதற்கும் என்னோடு பேசுவதற்கும் ஒரு வித்தியாசம் உண்டு. நான் திருப்பிப் பேசுவேன். பால் குடிக்கச் சொன்ன பிள்ளையிடம், “அது உங்கள் விரதம் மகள்” என்று சொல்ல முடியும், சொன்னேன். அவளுடைய ஊகம் அங்கேயே முட்டி நின்றது.

ஆனால் புள்ளித்தாள் இதைக் கெடுத்துவிடுகிறது. நான் கண்ட சில தாள்களில் “பரிவு காட்டினார்” என்று ஒரு வரி உண்டு. அதற்குப் புள்ளி வாங்கும் வசனத்தைப் பிள்ளைகள் மனப்பாடம் செய்து வைத்திருக்கிறார்கள்: “உங்கள் வேதனை எனக்குப் புரிகிறது அம்மா.” வாய் திறந்து என் வேதனை என்னவென்று நான் இன்னும் சொல்லியிருக்கமாட்டேன். அதற்குள் புரிந்துவிடும்.

கேட்பதும் இலேசான காரியம் இல்லை. நம் ஆட்களிடம் எப்படி இருக்கிறது என்று கேட்டால் “பரவாயில்லை மிஸ்” என்பார்கள். காலில் புண் அழுகிக்கொண்டிருக்கும்போதும் பரவாயில்லைதான். 1977இல் நிஸ்பெட்டும் வில்சனும், மனிதர்கள் தம் செயலுக்குத் தாமே சொல்லும் காரணங்கள் பல வேளைகளில் உண்மையான காரணங்கள் அல்ல என்று சான்றுகளோடு எழுதினார்கள். ஆகவே பதில் வந்துவிட்டால் எல்லாம் வந்துவிட்டது என்றும் இல்லை. இங்கே மொழி வேறு நடுவில் நிற்கிறது. மூன்று சமூகங்களும் ஒரே வாசலில் காத்திருக்கும் ஊரில், தாதிக்கும் நோயாளிக்கும் பொது மொழி இல்லாத நாட்களில், பக்கத்துக் கட்டில்காரரோ பத்து வயது மகனோ மொழிபெயர்ப்பாளர். தாயின் வருத்தத்தை மகன் வாயால் கேட்கும்போது, எந்தத் தாய் எதைச் சொல்லுவாள்?

பாவனையை முழுதாகக் கைவிடவும் முடியாது. எதைக் கேட்பது என்று தெரிய, முதலில் கொஞ்சம் கற்பனை வேண்டும். பட்சன் குழுவினர் 1997இல் ஒரு வேறுபாட்டைக் காட்டினார்கள். அந்த நிலையில் நான் இருந்தால் எப்படி இருக்கும் என்று நினைத்தவர்களுக்குப் பரிவோடு சேர்ந்து தங்கள் சொந்தக் கலக்கமும் ஏறியது. அவருக்கு எப்படி இருக்கும் என்று நினைத்தவர்களுக்குப் பரிவே மேலோங்கியது. “உங்களை வைத்துப் பாருங்கள்” என்ற வாசகம் இந்த இரண்டில் தவறான கதவைத் தட்டுகிறது என்பது என் எண்ணம். பயிற்சி நடத்துபவர்களிடம் அதைச் சொல்லியும் விட்டேன். புள்ளித்தாளில் “நோயாளி சொல்லாத ஒன்றைக் கேட்டு அறிந்தார்” என்று ஒரு வரி சேர்க்கலாமே என்றேன். பரீட்சையில் அதற்கு நேரம் போதாது என்றார்கள். அப்படியானால் ஒரு பாத்திரத்திலாவது சோதித்துப் பார்ப்போம் என்று சம்மதிக்க வைத்திருக்கிறேன்.

அந்தப் பாத்திரத்தை இப்போது எழுதிக்கொண்டிருக்கிறேன். கரைவலை இழுப்பவர், காலில் ஆறாத புண், சீனி வருத்தம். காலை நனைக்காமல் சில வாரம் ஓய்வெடுங்கள் என்று எந்த மாணவரும் சொல்லிவிடுவார். அவர் தலையாட்டிவிட்டு மறுநாள் விடியற்காலையில் தண்ணீரில் நிற்பார், ஏனென்றால் வலைக்குச் சொந்தக்காரரான சம்மாட்டியிடம் பருவத் தொடக்கத்தில் முற்பணம் வாங்கியிருக்கிறார். அவருக்குச் சம்பளம் கிடையாது, மீனில் பங்குதான். வாடைக்காற்று தொடங்கிவிட்டால் வலையும் இல்லை. இது எதையும் அவராகச் சொல்லமாட்டார். நான் நடிக்க முடியாத பாத்திரம் என்பதால், நாடகம் பழகிய ஓர் ஆண்பிள்ளையைத் தேடிப் பிடித்திருக்கிறேன். முற்பணம் எவ்வளவு என்று மாணவர் கேட்டால், அவன் சொல்ல ஒரு தொகை வேண்டும். பங்கு எப்படிப் பிரிகிறது, ஒருவர் வராத நாளில் அவர் பங்குக்கு என்ன ஆகிறது என்பதும் தெரிய வேண்டும். என் தலைக்குள் ஒரு தொகை இருக்கிறது. அதை நம்பாமல், சனிக்கிழமை காலை உப்புவெளிக் கரையில் வலை இழுப்பவர்களிடம் கேட்டுக்கொண்டு வரலாம் என்றிருக்கிறேன்.